அங்காரகனில் மங்கோலியம்: நான்காம் தலைமுறை எப்படிப் பேசும்?

#1 மணல்மேடு

அனைவருக்கும் வணக்கம். செவ்வாய்க் கோளில் குடியேறிய மங்கோலியச் சமூகம் ஒன்றை வைத்து ஒரு நெடுங்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். முந்நூறு குடும்பங்கள் நிலத்தடிக் குடியிருப்பில் வாழ்கின்றன. கதை நடப்பது நான்காம் தலைமுறையில். அந்தத் தலைமுறையின் பேச்சு எப்படி இருக்கும் என்ற இடத்தில் இரண்டு மாதமாக எழுத்து நகரவில்லை.

இப்படிப்பட்ட கதைகளில் வழக்கமாகப் புதுச்சொற்களைத் தூவிவிட்டுப் போய்விடுவார்கள். ஆனால் விண்வெளிக்கான சொற்கள் மங்கோலிய மொழியிடம் முன்பே இருக்கின்றன, அவையும் நமக்கு அந்நியமானவை அல்ல. விண்வெளியை அவர்கள் 'சன்சர்' என்கிறார்கள். பௌத்தத்தின் வழியே போய்ச் சேர்ந்த 'சம்சாரம்'தான் அது. நம்மிடம் வந்த அதே சொல் மனைவியைக் குறிக்கத் தொடங்கியது, அங்கே அண்டவெளியாகிவிட்டது. செவ்வாய்க் கோளுக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் 'அங்கரக்'. வைத்தீஸ்வரன் கோயிலுக்குப் போய் அங்காரகனை வணங்கியவர்களுக்கு இதற்கு விளக்கம் தேவைப்படாது. விண்கலத்தைக் குறிக்கும் தொடரில் வரும் 'ஹொலொக்' என்ற சொல்லுக்கு ஏறிச் செல்லும் நல்ல குதிரை என்றும் பொருள் உண்டு.

ஆகவே சொற்களைப் பற்றி எனக்குக் கவலையில்லை. ஒலியும் இலக்கணமும் எந்தத் திசையில் நகரும் என்பதுதான் என் கேள்வி. மொழியியல் படித்தவர்களும், மங்கோலியாவை நேரில் அறிந்தவர்களும் சொன்னால் நன்றியுடையவனாக இருப்பேன்.

#2 ஒலிப்பட்டறை

நல்ல கேள்வி. ஒலியிலிருந்து தொடங்குகிறேன்.

தனித்து வாழும் சிறு குழுவின் உச்சரிப்பு மாறுவதற்குத் தலைமுறைகள் தேவையில்லை. அண்டார்க்டிகாவில் குளிர்காலம் முழுவதும் ஒன்றாக அடைந்து கிடந்த 11 பேரின் பேச்சைப் பதிவு செய்து அளந்த ஆய்வு ஒன்று 2019இல் வெளிவந்தது. சில மாதங்களுக்குள்ளாகவே அவர்களுடைய உயிரொலிகள் ஒன்றையொன்று நோக்கிச் சற்று நகர்ந்திருந்தன. காதுக்குத் தெரியாத, கருவிக்கு மட்டும் தெரிகிற மாற்றந்தான் என்றாலும் தொடக்கம் அப்படித்தான் இருக்கும். முதலில் போகும் முந்நூறு குடும்பங்களில் எத்தனை பேர் தலைநகரான உலான்பாத்தர்க்காரர்கள், எத்தனை பேர் மேற்கு மலைப்பகுதியின் ஒய்ராத் பேச்சுக்காரர்கள், எத்தனை பேர் சீனாவிலுள்ள உள்மங்கோலியாவிலிருந்து வந்தவர்கள் என்பதை நீங்கள் முதலில் முடிவு செய்ய வேண்டும். வெண்மையை உலான்பாத்தரில் 'த்சகான்' என்பார்கள், உள்மங்கோலியாவில் 'சகான்' என்பதற்கு நெருக்கமாகச் சொல்வார்கள். எண்ணிக்கையில் மிகுந்த தரப்பின் ஒலியைத்தான் பிள்ளைகள் எடுத்துக்கொள்வார்கள்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். தொலைவில் போனவர்களின் மொழிதான் வேகமாக மாறும், தாயகத்தின் மொழி அப்படியே நிற்கும் என்று எல்லோரும் எண்ணுகிறோம், ஆனால் மங்கோலிய மொழிகளின் வரலாறு வேறு விதமாகவும் நடந்திருக்கிறது. 13ஆம் நூற்றாண்டில் விண்மீனை 'ஹோதுன்' என்றும் பத்தை 'ஹர்பன்' என்றும் சொன்னார்கள். இன்றைய ஹல்ஹ மங்கோலியத்தில், அதாவது நடுநாட்டுப் பேச்சில், சொல்முதல் 'ஹ' உதிர்ந்துபோய் 'ஒத்', 'அரவ்' என்றாகிவிட்டன. சீனாவின் கன்சு மாகாணத்தில் ஒதுங்கிக் கிடக்கும் சாந்தா மொழியிலும் வடகிழக்கில் உள்ள தாகுர் மொழியிலும் அந்த ஹகரம் இன்றும் உயிரோடு இருக்கிறது. உங்கள் செவ்வாய்க் குழந்தைகள் 2100களின் உலான்பாத்தர்வாசிகளைவிடப் பழைய மங்கோலியம் பேசுகிறவர்களாக இருக்கக்கூடும்.

#3 கோபிக்காற்று

நான் மொழியியலாளன் அல்லன். தென்கோபியில் ஒரு சுரங்கத்தில் ஆறு ஆண்டுகள் இயந்திரப் பராமரிப்புப் பணியில் இருந்தவன். மொழியைச் சுரங்கத்து ஓட்டுநர்களிடமிருந்து கற்றுக்கொண்டேன், ஆகவே எழுத்து இலக்கணத்தில் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

திசைச் சொற்களை மறந்துவிடாதீர்கள். மங்கோலியத்தில் 'சூன்' என்றால் இடப்பக்கம், கிழக்கும் அதுவே. 'பரூன்' வலப்பக்கம், மேற்கும் அதுவே. 'ஒம்ன' என்றால் முன்பக்கம், தெற்கு, காலத்தில் முந்தையது என்று மூன்றும் பொருந்தும். நான் வேலை பார்த்த மாகாணத்தின் பெயரான ஒம்னகோவியைச் சொல்லுக்குச் சொல் பிரித்தால் முன்கோபி என்றாகும். இதெல்லாம் கெர் என்ற வட்டக் கூடாரத்திலிருந்து பார்த்தால்தான் விளங்கும். கெரின் கதவு தெற்கு நோக்கி இருக்கும். கதவுக்கு நேரெதிரே, வடக்கில், ஹொய்மொர் என்ற மரியாதைக்குரிய இடம். அங்கே உட்கார்ந்து கதவைப் பார்த்தால் வலக்கை மேற்கு, இடக்கை கிழக்கு.

முதல் முறை ஒரு வீட்டுக்குப் போனபோது நான் நேராக ஹொய்மொரில் போய் உட்கார்ந்துவிட்டேன். யாரும் எதுவும் சொல்லவில்லை. வீட்டுப் பெரியவர் தாமே கதவோரம் நகர்ந்து உட்கார்ந்து எனக்குத் தேநீர்க் கிண்ணத்தை நீட்டினார். பிறகு விவரம் தெரிந்தபோது எனக்கு வெட்கம் தாங்கவில்லை.

செவ்வாயில் வடக்கும் தெற்கும் உண்டு, ஆனால் அங்கே கோள் முழுவதற்குமான காந்தப்புலம் இல்லாததால் திசைகாட்டி உதவாது. மண்ணுக்கடியில் இருக்கும் அறைக்குக் கதவு எந்தப் பக்கம் என்பதைக் குழாய்த்தடங்கள்தான் தீர்மானிக்கும். அப்போது பரூன் என்ற சொல்லில் வலப்பக்கம் நின்று மேற்கு உதிர்ந்துவிடுமா, அல்லது எல்லா அறைகளிலும் கதவு இருக்கும் பக்கத்தையே தெற்கு என்று சொல்லத் தொடங்குவார்களா? எனக்கு இரண்டாவதுதான் நடக்கும் என்று தோன்றுகிறது.

#4 ஒலிப்பட்டறை

கோபிக்காற்று ஐயா, இரண்டும் சேர்ந்தே நடக்கலாம். நம்முடைய மேற்கும் கிழக்கும் மேல், கீழ் என்பவற்றிலிருந்து வந்தவைதாமே. கொழும்பு மேற்குக் கரையில் தாழ்ந்த நிலத்தில் இருக்கிறது, ஆனாலும் மட்டக்களப்பார் அதை மேற்கு என்று சொல்ல ஒருநாளும் தயங்கியதில்லை. சொல்லின் வேர் அற்றுப்போனாலும் சொல் நிற்கும்.

#5 வடக்குவீதி

எல்லோரும் மொழி பிழைத்திருக்கும் என்று வைத்துக்கொண்டு பேசுகிறீர்கள். அந்த அடித்தளமே எனக்கு ஐயத்துக்குரியதாகத் தோன்றுகிறது.

மங்கோலியாவிலிருந்து இதுவரை விண்வெளிக்குப் போன ஒருவர் குர்ரக்சா. 1981 மார்ச் 22 அன்று சோயூஸ் 39இல் ஏறி சல்யூத் 6 நிலையத்துக்குச் சென்றார். உடன் சென்றவர் சோவியத் விண்வெளி வீரர் ஜானிபெக்கோவ். பயிற்சியும் பணியும் ரஷ்ய மொழியில் நடந்தன. நாளைய குடியிருப்பிலும் காற்றழுத்தக் கையேடு எந்த மொழியில் அச்சிடப்படுகிறதோ அந்த மொழிதான் வேலைத்தளத்தின் மொழியாக இருக்கும், அது மங்கோலியமாக இருக்கப்போவதில்லை.

கல்மிக்குகளைப் பாருங்கள். 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இன்றைய வடமேற்குச் சீனாவில் உள்ள சுங்காரியாவிலிருந்து ரஷ்யாவின் வோல்கா ஆற்றங்கரைக்குக் குடிபெயர்ந்த ஒய்ராத் மக்கள் அவர்கள். 1771இல் பெரும்பகுதியினர் கிழக்கே திரும்பிப் புறப்பட்ட பின்னும் எஞ்சியிருந்தவர்கள் ரஷ்யர்கள் சூழ்ந்திருக்க மொழியைக் காத்துவந்தார்கள். 1943 டிசம்பரில் ஸ்டாலின் ஆட்சி அவர்கள் அனைவரையும் சைபீரியாவுக்கு நாடுகடத்தி ஊர் ஊராகச் சிதறடித்தது. 1957இல்தான் திரும்ப முடிந்தது. பதின்மூன்று ஆண்டுகள்தாம். ஆனால் அந்தப் பதின்மூன்று ஆண்டுகளில் பள்ளிக்குப் போன பிள்ளைகள் ரஷ்ய மொழியில் வளர்ந்துவிட்டார்கள், அவர்களுடைய பிள்ளைகளுக்குக் கல்மிக் போய்ச் சேரவேயில்லை. மூன்று நூற்றாண்டுத் தொலைவு செய்யாததை ஒரு தலைமுறைச் சிதறல் செய்துவிட்டது.

ஆப்கானிஸ்தானில் ஹெராத் பக்கம் இருந்த மொகோல் என்ற மங்கோலிய வழிப் பேச்சும் அப்படித்தான் பாரசீகத்துக்குள் கரைந்துபோனது. முந்நூறு குடும்பங்கள் பல்லாயிரம் பேர் வாழும் பன்னாட்டுக் குடியிருப்பில் ஆங்காங்கே பரவி வாழ்ந்தால், உங்கள் நான்காம் தலைமுறைக்கு மங்கோலியத்தில் பாட்டியை அழைக்கும் சொல்லும் தேநீரின் பெயரும் மட்டுமே மிஞ்சும். அது பரிணாமம் ஆகாது.

#6 மணல்மேடு

வடக்குவீதி, உங்கள் வாதத்தை ஏற்கிறேன், அதனால்தான் கதையில் அந்த முந்நூறு குடும்பங்களும் ஒரே சுரங்கவழியை ஒட்டி வாழ்கின்றன. பன்னிரண்டு வயதுவரை பிள்ளைகளுக்குத் தனிப்பள்ளி உண்டு. பெரியவர்கள் வேலையில் வேறு மொழி பேசுகிறார்கள், பிள்ளைகள் விளையாட்டில் மங்கோலியம் பேசுகிறார்கள். இந்த ஏற்பாட்டை நீங்கள் வசதியான கற்பனை என்று சொல்லலாம், ஆனால் இது இல்லாமல் கதையே இல்லை.

இனி இலக்கணத்தைப் பற்றி யாராவது சொல்லுங்கள்.

#7 வைகைக்கரை

இலக்கணம் என்றால் நான் ஒரே ஒரு இடத்தைத்தான் காட்டுவேன், ஏனென்றால் விண்வெளி வாழ்க்கை நேராகப் போய்த் தொடக்கூடிய இடம் அது.

ஹல்ஹ மங்கோலியத்தில் இறந்தகால ஈறுகள் பல. அவற்றுள் இரண்டைப் பாருங்கள். கண்ணெதிரே மழை பெய்ததென்றால் 'பொரோ ஒர்லோ' என்பார்கள். காலையில் எழுந்து ஈரத்தரையைப் பார்த்து மழை பெய்திருக்கிறது என்று உணர்ந்தாலோ, பிறர் சொல்லித் தெரிந்துகொண்டாலோ 'பொரோ ஒர்ஜே' என்பார்கள். சொல்பவர் நேரடியாக அறிந்தது 'லா' வரிசை; விளைவைக் கண்டோ கேள்வியாலோ அறிந்தது 'ஜே'. இதை அறிந்த விதத்தின் வேறுபாடு என்று சொல்வதா, செய்தி பேசுபவருக்குப் புதியதா பழையதா என்ற வேறுபாடு என்று சொல்வதா என ஆய்வாளர்களுக்குள் வாதம் உண்டு. நம் தேவைக்கு முதல் விளக்கம் போதும்.

நமக்கு இது புதிதல்ல. 'மழை பெய்தது', 'மழை பெய்திருக்கிறது', 'மழை பெய்ததாம்' என்ற மூன்றையும் நாம் யோசிக்காமலேயே பிரித்துச் சொல்கிறோம். நம்முடைய பின்னிரண்டின் வேலையையும் அவர்களுடைய 'ஜே' ஒன்றே பெரும்பாலும் செய்கிறது. அதோடு 'கெனெ' என்ற சொல்லும் உண்டு. 'என்கிறார்கள்' என்று பொருள். 'என்' என்ற வினையை நாம் எப்படி எங்கும் ஒட்டவைத்துப் பேசுகிறோமோ அப்படித்தான் அவர்களும் 'கெ' என்ற வினையை ஒட்டவைக்கிறார்கள்.

இப்போது செவ்வாய்க்கு வாருங்கள். வெளியே என்ன நடந்தாலும் அங்கே யாரும் தோலால் உணர்வதில்லை, மூக்கால் முகர்வதில்லை. காற்றழுத்தம் இறங்கினால் திரையில் எண் மாறும். அழுத்தத்துக்கு அவர்கள் சொல் 'தரல்த்'. 'தரல்த் பூலா' என்று ஒருவர் சொன்னால், அழுத்தம் என் கண்முன் இறங்கியது, இப்போதுதான் இறங்கியது என்று பொருள். 'தரல்த் பூஜே' என்றால் இறங்கியிருக்கிறது, நான் பார்க்கும்போது அப்படி இருந்தது. ஓடிப்போய்க் கதவை அடைப்பதா, நிதானமாகப் போய்க் காரணம் தேடுவதா என்பது அந்த ஓர் ஈற்றில் இருக்கிறது. உயிருக்கு அவசியமான வேறுபாடு என்பதால் இது எளிதில் அழியாது, ஆனால் எல்லைக்கோடு இடம் மாறும் என்பது என் எண்ணம். திரையில் பார்த்தது கண்ணால் பார்த்ததாகுமா? முதல் தலைமுறை தயங்கும்; திரையைத் தவிர வேறு சன்னலே அறியாத நான்காம் தலைமுறைக்குத் தயங்க என்ன இருக்கிறது?

#8 கோபிக்காற்று

வைகைக்கரை அம்மா எழுதியதைப் படித்ததும் சுரங்கத்தின் இரவுப்பணி நினைவுக்கு வந்துவிட்டது.

நீரேற்று நிலையத்தின் கட்டுப்பாட்டு அறையில் இருவர் இருப்பார்கள். ஒருவர் திரை முன்னால் உட்கார்ந்திருப்பார், மற்றவர் வெளியே போய்க் குழாய்களைப் பார்த்துவிட்டு வருவார். ஓர் இரவு அழுத்தம் குறையத் தொடங்கியது. திரை முன்னால் இருந்தவர் வானொலியில் 'பூலா, பூலா' என்று இரண்டு முறை சொன்னார். வெளியே போனவர் உள்ளே வந்ததும் அதே எண்ணைப் பார்த்து 'பூஜே' என்று முணுமுணுத்தார். இருவரும் பார்த்தது ஒரே திரையை. எண் இறங்குவதைப் பார்த்துக்கொண்டிருந்தவருக்கு ஓர் ஈறு, இறங்கிய எண்ணைப் பார்த்தவருக்கு வேறு ஈறு. எனக்கு அப்போது வியப்பாக இல்லை, வால்வைத் தேடும் அவசரத்தில் இருந்தேன். இப்போது நினைத்துப் பார்த்தால், எல்லைக்கோடு பூமியிலேயே நகர்ந்துவிட்டது என்று தோன்றுகிறது. திரை ஏற்கனவே கண்ணாகிவிட்டது.

#9 வடக்குவீதி

அப்படியானால் செவ்வாயில் புதிதாக என்ன நடக்கும்? கோபியில் நடந்ததே அங்கும் நடக்கிறது.

#10 வைகைக்கரை

புதிதாக நடப்பது மூன்றாம் நிலை. சுரங்கத்தில் மனிதர் எண்ணைப் பார்த்தார். குடியிருப்பில் பல்லாயிரம் எண்களை இயந்திரம் பார்த்துவிட்டு, 'கிழக்குத் தடத்தில் கசிவு' என்று ஒரு வரி சொல்லும். அது பார்த்ததும் அன்று, ஊகித்ததும் அன்று, மனிதர் சொல்லக் கேட்டதும் அன்று. அதற்கு 'கெனெ' தயாராக இருக்கிறது. நாள்தோறும் நூறு முறை சொல்லப்படும் சொல் தேய்ந்து வினையோடு ஒட்டி ஓர் ஈறாகிவிடுவது மொழிகளில் சாதாரணமாக நடப்பது. நம்முடைய '-ஆம்' என்பதும் 'ஆகும்' தேய்ந்து வந்ததுதானே. ஆக, நான் பார்த்தது, நான் ஊகித்தது, இயந்திரம் சொன்னது என்று மூன்று ஈறுகள். மனிதர் சொல்லக் கேட்டதை எந்த ஈற்றோடு சேர்ப்பார்கள் என்பதில் கதாசிரியருக்கு விளையாட இடமிருக்கிறது. அண்டைவீட்டாரின் வம்புப்பேச்சை இயந்திர ஈற்றில் சொன்னால் அது கேலியாகிவிடும்.

#11 ஒலிப்பட்டறை

இதில் பூமிக்கும் பங்கு உண்டு. செவ்வாய்க்குச் செய்தி போய்ச் சேர, கோள்களின் இருப்பைப் பொறுத்து ஏறத்தாழ 3 முதல் 22 நிமிடங்கள் ஆகும். உலான்பாத்தரில் இருக்கும் மாமாவோடு உரையாட முடியாது, கடிதந்தான் எழுத முடியும். பூமியில் நடந்த எதையும் அங்கிருப்பவர் நேரில் அறிந்ததாகச் சொல்ல வழியில்லை. நாடாம் விழாவின் குதிரைப் பந்தயத்தில் யார் வென்றார் என்பதுகூட 'ஜே'தான். நாலு தலைமுறை இப்படிப் போனால் 'ஜே' என்பது பூமியைப் பற்றிப் பேசும் இறந்தகாலமாகவும், 'லா' இங்கே நடந்ததைப் பேசும் இறந்தகாலமாகவும் பிரிந்துவிட வாய்ப்புண்டு. இது வைகைக்கரை சொன்ன மூன்றாக மாறும் பாதைக்கு எதிரான பாதை. இரண்டில் ஒன்றைத்தான் கதையில் எடுக்க முடியும்.

#12 நூல்பூச்சி

குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். எழுத்தைப் பற்றி ஒருவரும் பேசவில்லையே? மேலிருந்து கீழாக எழுதும் பழைய மங்கோலிய எழுத்து செவ்வாயில் மீண்டு வருமா?

#13 ஒலிப்பட்டறை

சுருக்கமாகச் சொல்கிறேன். மங்கோலியர்கள் எழுத்தை மாற்றுவதில் கைதேர்ந்தவர்கள். உய்குர் வழிவந்த நெடுவரி எழுத்து, 1269இல் பக்பா எழுத்து, ஒய்ராத்துகளுக்காக 1648இல் சாயா பண்டிதர் அமைத்த தெளிவெழுத்து, இடையில் சில காலம் லத்தீன், 1940களிலிருந்து சிரில்லிக், 2025 சனவரி முதல் அரசு ஆவணங்களில் சிரில்லிக்கோடு நெடுவரி எழுத்தும். நெடுவரி எழுத்தில் இன்னும் 'பகதுர்' என்ற பழைய வடிவத்தை எழுதிவிட்டுப் 'பாத்தர்' என்று படிக்கிறார்கள். ஆகவே எழுத்து எதுவானாலும் பேச்சின் போக்கை அது பெரிதாகத் தடுக்காது. அலங்காரத்துக்கு நெடுவரியும் அவசரத்துக்கு வேறொன்றும் இருக்கும். கைபேசியில் லத்தீன் எழுத்தில் தட்டுவது அங்கும் உண்டு, நாம் குறைசொல்ல முடியாது.

#14 கோபிக்காற்று

ஒன்றை முன்பே சொல்ல மறந்துவிட்டேன். புல்வெளியில் ஒரு கெரை நெருங்கும்போது வெளியிலிருந்து 'நொஹோய் ஹொர்' என்று குரல் கொடுப்பார்கள். நாயைப் பிடியுங்கள் என்பது சொற்பொருள். வீட்டில் நாய் இல்லை என்று தெரிந்தாலும் சொல்வதுண்டு, வந்திருக்கிறேன் என்ற அறிவிப்பு அது. அழுத்தக்கதவின் முன் நின்று உங்கள் பாத்திரங்கள் அதைத்தான் சொல்வார்கள் என்று என்னால் அடித்துச் சொல்ல முடியும்.

கால்நடைச் சொற்களும் அவ்வளவு எளிதில் போய்விடாது. குதிரைக்கு வயதுக்கொரு பெயர் உண்டு: உனக, தாக, சுத்லென், ஹியசாலன், சொயோலன். பல் முளைப்பதை வைத்து அமைந்த பெயர்களும் அவற்றில் உண்டு; 'சுத்' என்றாலே பல். குதிரையே இல்லாத இடத்தில் ஊர்திகளின் பழமையை இந்தப் பெயர்களால் சொல்லப் போகிறார்கள். எங்கள் பணிமனையிலேயே தேய்ந்த பல்சக்கரத்தைப் பார்த்துவிட்டு ஒருவர் 'சொயோலன்' என்று சிரித்தார்.

#15 மணல்மேடு

இவ்வளவு கிடைக்கும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. ஒலிப்பட்டறையின் பாதையை விட்டுவிட்டு வைகைக்கரையின் மூன்று ஈறுகளை எடுத்துக்கொள்கிறேன். பூமியைப் பற்றிய பேச்சு என் கதையில் குறைவு, கசிவுகள் அதிகம்.

முதல் காட்சியை இப்படி மாற்றியிருக்கிறேன். ஆறு வயதுச் சிறுமி அழுத்தக்கதவின் இடுக்கில் செந்நிறத் தூசி படிவதைப் பார்க்கிறாள். மழை பெய்ததற்குச் சொல்லும் 'ஒர்' என்ற வினைக்கு உள்ளே வருதல் என்பதுதான் அடிப்படைப் பொருள் என்று அகராதியில் கண்டேன். மழையே இல்லாத ஊரில் அந்த வினை தூசிக்குப் போய்விடுகிறது. சிறுமி ஓடிவந்து பாட்டியிடம் 'தோஸ் ஒர்லா' என்கிறாள்; தூசி வந்துவிட்டது, என் கண்ணால் பார்த்தேன். வாக்கியம் சரிதானா?

#16 வைகைக்கரை

வினை சரி, காட்சியும் நன்றாக இருக்கிறது. ஈறு மட்டும் தவறு. மங்கோலியத்தில் ஈற்றின் உயிர் சொல்லின் உயிரோடு இசைய வேண்டும். 'பூ' என்ற வினைக்குப் பின் 'லா' வரும், 'ஒர்' என்பதற்குப் பின் 'லோ'தான் வரும். 'தோஸ் ஒர்லோ' என்று திருத்திவிடுங்கள்.

#17 ஒலிப்பட்டறை

திருத்த வேண்டாம். கன்சுவின் சாந்தா மொழியில் இந்த உயிரிசைவு ஏறக்குறைய முழுவதுமாகப் போய்விட்டது. சீனமும் திபெத்தியமும் சூழ்ந்த அந்த வட்டாரத்தின் மற்ற மங்கோலிய மொழிகளிலும் குலைந்திருக்கிறது. பெரியவர்கள் நாள் முழுவதும் வேறு மொழி பேசுகிற குடியிருப்பில் பிள்ளைகளின் வாயிலிருந்து முதலில் உதிரப்போவது அதுதான். சிறுமி எல்லா வினைக்கும் 'லா'வே சொல்லட்டும்.

#18 மணல்மேடு

சரி, 'ஒர்லா' அப்படியே இருக்கட்டும். பாட்டி 'ஒர்லோ' என்று திருத்துகிறாள். சிறுமி மீண்டும் 'ஒர்லா' என்கிறாள். பாட்டி அதற்குமேல் வற்புறுத்தாமல் துடைப்பத்தை எடுக்கிறாள்.